தப்பியோடிய அடிமைகளோடு பேரரசுகள் ஏன் ஒப்பந்தம் போட்டன?

ஜமைக்காவின் மேற்கு மலைப்பகுதியில் அக்கம்பாங் என்றொரு சிற்றூர் இருக்கிறது. 2022 ஜனவரியில் அந்நாட்டுப் பிரதமர் ஆண்ட்ரூ ஹோல்னஸ், ஜமைக்காவுக்குள் வேறொரு இறையாண்மை அதிகாரத்துக்கு இடமே இல்லை என்று வெளிப்படையாகச் சொல்ல வேண்டி வந்தது இந்த ஊரை முன்னிட்டுத்தான். ஊர்க்காரர்கள் கையில் காட்டுவது, 1739ல் தங்கள் முன்னோர் பிரிட்டிஷ் அரசோடு செய்துகொண்ட ஓர் ஒப்பந்தம். ஜமைக்கா 1962ல்தான் சுதந்திரம் பெற்றது. எங்கள் சுதந்திரம் அதற்கு இருநூறு ஆண்டுகளுக்கு மேல் பழையது என்பது அவர்களின் வாதம்.

அட்லாண்டிக் அடிமை வணிகத்தைப் பற்றிப் படித்தவர்களுக்கே இந்தச் செய்தி கொஞ்சம் குழப்பமாக இருக்கும். அடிமையைச் சொத்து என்று எழுதி வைத்திருந்த ஓர் அரசு, தப்பியோடிய அதே அடிமைகளோடு எப்படி ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டது? அந்தத் தாள் இன்றைக்குச் செல்லுமா? இதற்குப் பதில் தேடினால் அந்த ஒப்பந்தங்களின் உள்ளே இருக்கும் ஒரு பிரிவில் போய் நிற்போம். அந்த மக்களுக்குச் சுதந்திரம் தந்ததும், பிறகு அவர்களைத் துரத்தியதும் அதே தாள்தான்.

மரூன்கள் என்பவர்கள் யார்?

அமெரிக்கக் கண்டங்களிலும் கரீபியத் தீவுகளிலும் அடிமைத்தனத்திலிருந்து தப்பி, காடு மலைகளுக்குள் தனிச் சமூகமாக வாழ்ந்தவர்களையும் அவர்கள் வழிவந்தவர்களையும் மரூன்கள் என்கிறோம். பிரேசிலில் அவர்கள் குடியிருப்புக்கு கிலோம்போ என்றும், கொலம்பியா போன்ற ஸ்பானிய மொழி நாடுகளில் பலென்கே என்றும் பெயர்.

தப்பித்தலில் இரண்டு வகை உண்டு. சவுக்கடிக்குப் பயந்தோ, பக்கத்துத் தோட்டத்தில் இருக்கும் மனைவியைப் பார்க்கவோ சில நாள், சில வாரம் மறைந்துவிட்டுத் திரும்புவது ஒன்று. இது எல்லாத் தோட்டங்களிலும் ஓயாமல் நடந்தது. திரும்பி வரவே மாட்டோம் என்று போய், கூட்டமாகச் சேர்ந்து, ஊர் அமைத்து, பிள்ளை பெற்று வாழ்வது இன்னொன்று. ஆட்சியாளர்களை அச்சுறுத்தியது இந்த இரண்டாவது வகை. பிடிபட்டால் என்ன ஆகும் என்பது ஓடியவர்களுக்குத் தெரியும். தென் அமெரிக்காவில் டச்சுக்காரர்கள் ஆண்ட சுரினாமில் குதிகால் நரம்பை வெட்டுவது, காலையே துண்டிப்பது, சித்திரவதை செய்து கொல்வது எல்லாம் தண்டனைகளாக இருந்தன. தெரிந்தேதான் ஓடினார்கள்.

காட்டில் உயிர் வாழ்ந்தது எப்படி?

1655ல் ஆங்கிலேயர் ஜமைக்காவை ஸ்பானியரிடமிருந்து பிடித்தபோது, ஸ்பானியரின் அடிமைகள் பலர் மலைக்குள் போய்விட்டார்கள். 1690ல் கிளாரண்டன் பகுதியில் சட்டன் என்பவரின் தோட்டத்தில் கலகம் செய்தவர்களும், பிறகு வந்த பலரும் மேற்குப் பக்கத்து மலைக் கூட்டங்களில் சேர்ந்தார்கள். அந்தப் பக்கத்தின் பெருந்தலைவர் குட்ஜோ. கிழக்கே நீல மலைகளில் இருந்த கூட்டத்துக்கு நானி என்ற பெண் வழிகாட்டியாக இருந்தார். இன்று ஜமைக்காவின் தேசிய வீரர்கள் வரிசையில் உள்ள ஒரே பெண் அவர். 500 டாலர் நோட்டில் இருப்பது அவர் முகம்.

குட்ஜோவின் இடம் காக்பிட் பகுதி. சுண்ணாம்புக்கல் குன்றுகள் நெருக்கமாக எழுந்து, அவற்றுக்கு நடுவே ஆழமான குழிகள் விழுந்து கிடக்கும் நிலம் அது. உள்ளே நுழைய ஒற்றையடிப் பாதைகள்தான். சிவப்புச் சட்டைப் படை வரிசையாக அதற்குள் வரும்போது, உடம்பெல்லாம் இலை தழை கட்டிய மரூன்கள் மேலிருந்து சுடுவார்கள். ஒரு மலையில் மாட்டுக் கொம்பு ஊதினால் அடுத்த மலைக்குச் செய்தி போய்விடும். அபெங் என்ற அந்தக் கொம்பு இன்றும் அக்கம்பாங்கில் ஊதப்படுகிறது.

போர்த் திறமையைப் பற்றியே எல்லோரும் எழுதுகிறார்கள். ஆனால் ஒரு சமூகம் தலைமுறைகளாகக் காட்டில் நிலைக்க வேண்டுமானால் முதலில் சோறு வேண்டும். சுரினாமின் சரமக்கா மக்கள் தங்கள் மூதாய் பான்சாவைப் பற்றி ஒரு கதை சொல்கிறார்கள். தோட்டத்திலிருந்து ஓடியபோது அவர் தலைமுடிக்குள் நெல்மணிகளை ஒளித்துக் கொண்டு வந்தாராம். அவர் பெயரில் ஒரு நெல் வகை அங்கே இருக்கிறது. மரவள்ளி, வாழை, நெல் எல்லாம் பயிரிட்ட அந்தக் கொல்லைகளைப் பெரும்பாலும் பெண்களே பார்த்துக்கொண்டார்கள். இதனால்தான் படைகள் காட்டுக்குள் போனபோதெல்லாம் ஆட்களைப் பிடிக்க முடியாவிட்டாலும் பயிரைக் கொளுத்திவிட்டு வந்தன.

ஆட்சியாளர்கள் இறங்கி வந்தது ஏன்?

ஜமைக்காவில் 1720களின் இறுதியிலிருந்து 1739 வரை நடந்தது முதல் மரூன் போர். ஜிப்ரால்ட்டரிலிருந்து இரண்டு படைப்பிரிவுகளை வரவழைத்தார்கள். மத்திய அமெரிக்கக் கரையிலிருந்து மிஸ்கிட்டோ பழங்குடியினரைத் தடம் பார்க்கக் கூட்டி வந்தார்கள். 1734ல் நானியின் ஊரையே பிடித்தார்கள். ஊர் போனது, மக்கள் போகவில்லை. கலைந்து வேறிடத்தில் கூடிவிட்டார்கள். கடைசியில் சமாதானம் பேசித்தான் ஆக வேண்டும் என்ற நிலைக்கு ஆளுநர் டிரெலாவ்னி வந்ததற்கு மூன்று காரணங்களைச் சொல்லலாம்.

1. செலவு. மலைப் போரில் துப்பாக்கியை விடக் காய்ச்சலே அதிகச் சிப்பாய்களைக் கொன்றது. ஒவ்வொரு படையெடுப்புக்கும் தோட்ட முதலாளிகள் வரி கட்ட வேண்டியிருந்தது.

2. நிலம். மரூன்கள் இருக்கும் பகுதியை ஒட்டிப் புதிய தோட்டம் போட யாரும் துணியவில்லை. தீவின் வடகிழக்கில் குடியேற்றம் பல ஆண்டுகள் நகரவே இல்லை.

3. எண்ணிக்கை. இதுதான் ஆணிவேர். ஜமைக்காவில் ஒரு வெள்ளையருக்குச் சுமார் பத்து அடிமைகள். சுரினாமில் இருபத்தைந்துக்கும் மேல். காட்டில் ஒரு சுதந்திர ஊர் இருக்கிறது என்ற செய்தியே தோட்டத்தில் இருப்பவர்களுக்கு ஓர் அழைப்பு. மரூன்களின் ஒவ்வொரு வெற்றியும் அடுத்த கலகத்துக்கு விதையாகும் என்று முதலாளிகள் அஞ்சினார்கள்.

மரூன்கள் பக்கம் என்ன? அவர்களும் களைத்திருந்தார்கள். வெடிமருந்து தட்டுப்பாடு, எரிந்த கொல்லைகள், எப்போதும் ஓடத் தயாராக இருக்க வேண்டிய பிள்ளைகள். காட்டிலேயே பிறந்து, தோட்டத்தைக் கண்ணால் பார்த்தே இராத ஒரு தலைமுறை அதற்குள் வளர்ந்திருந்தது. தங்கள் ஊரைக் காப்பாற்றுவதே அவர்களுக்கு முதல் கவலை. அடுத்து வரப்போகும் உடன்பாட்டைப் புரிந்துகொள்ள இதை மனத்தில் வைத்துக்கொள்வது அவசியம்.

1739 ஒப்பந்தத்தில் என்ன இருந்தது?

1739 மார்ச் 1ம் தேதி குட்ஜோவும் ஆங்கிலேயர் சார்பில் கர்னல் கத்ரியும் பதினைந்து பிரிவுகள் கொண்ட ஒப்பந்தத்தை முடித்தார்கள். அதே ஆண்டில் கிழக்குக் கூட்டத்தின் தலைவர் குவாவோவோடும் ஒன்று ஆனது. நானிக்கும் அவர் மக்களுக்கும் 500 ஏக்கர் தனியாக எழுதித் தரப்பட்டது. குட்ஜோ ஒப்பந்தத்தின் முக்கியமான விஷயங்கள் இவை:

1. மரூன்கள் முழுச் சுதந்திர மக்கள். 1500 ஏக்கர் நிலம் அவர்களுக்கும் அவர்கள் சந்ததிக்கும் என்றென்றைக்கும் சொந்தம்.

2. குட்ஜோவே தலைவர். அவருக்குப் பின் யார் யார் என்ற வரிசையும் எழுதப்பட்டது. தம் மக்கள் செய்யும் குற்றங்களை அவரே விசாரிக்கலாம். மரண தண்டனை மட்டும் தரக் கூடாது.

3. இரண்டு வெள்ளையர்கள் அவர்களோடு ஊரில் தங்கியிருப்பார்கள். நல்லுறவைப் பேண என்பது காரணமாகச் சொல்லப்பட்டது. கண்காணிக்க என்பதும் அதில் அடக்கம்.

4. அந்நியப் படையெடுப்போ உள்நாட்டுக் கலகமோ வந்தால் மரூன்கள் அரசின் பக்கம் நின்று போரிட வேண்டும்.

5. இனிமேல் தப்பி வரும் அடிமைகளைப் பிடித்து ஒப்படைக்க வேண்டும்.

கடைசி இரண்டும்தான் முள். நேற்று வரை அடிமையின் புகலிடமாக இருந்த மலை, ஒரே கையெழுத்தில் அடிமையைத் தடுக்கும் மதிலாக மாறியது. காவலுக்குப் பிரிட்டிஷ் அரசு தனியாகப் படை வைக்க வேண்டியதில்லை, மரூன்களே காவல். போர்க்களத்தில் தோற்க வைக்க முடியாதவர்களை இப்படித்தான் கட்டிப்போட்டார்கள்.

இது ஜமைக்காவோடு நிற்கவில்லை. பிரேசிலில் இதற்கு அறுபது ஆண்டுகள் முன்பே போர்த்துகீசியர் இதே வழியை முயன்றிருந்தார்கள். இன்றைய அலகோவாஸ் மாநிலத்தில் பல்மாரேஸ் என்ற பெரிய கிலோம்போ பல தலைமுறைகள் நிலைத்திருந்தது. 1678ல் அதன் தலைவர் கங்கா சும்பா ஒப்புக்கொண்ட சமாதானத்தின்படி, பல்மாரேஸில் பிறந்தவர்களுக்குச் சுதந்திரம். தப்பி வந்தவர்கள் திரும்பிப் போக வேண்டும். சும்பி என்ற இளம் தளபதி அதை ஏற்கவில்லை. போர் தொடர்ந்தது, 1694ல் பல்மாரேஸின் தலைநகர் வீழ்ந்தது, 1695 நவம்பர் 20ம் தேதி சும்பி கொல்லப்பட்டார். அந்த நாள் இப்போது பிரேசில் முழுக்க அரசு விடுமுறை.

சுரினாமுக்கு இந்த யோசனை போன வழி வியப்பானது. பாஸ்டன் என்ற ஜமைக்கா அடிமை சுரினாமுக்கு விற்கப்பட்டு, 1757 கலகத்தில் தப்பி, என்டியூக்கா மரூன்களோடு சேர்ந்தார். அவருக்கு எழுதப் படிக்கத் தெரியும். ஜமைக்காவில் நடந்ததும் தெரியும். அதே போல ஓர் ஒப்பந்தம் எங்களோடும் போடுங்கள் என்று டச்சு அதிகாரிகளுக்குக் கடிதம் எழுதியவர் அவர்தான். 1760 அக்டோபர் 10ம் தேதி என்டியூக்கா மக்களோடும், 1762ல் சரமக்கா மக்களோடும், 1767ல் மத்தவாய் மக்களோடும் உடன்பாடு ஆனது. வெள்ளையர் செய்த சத்தியத்தை என்டியூக்கா தலைவர்கள் நம்பவில்லை. இரு தரப்பாரின் இரத்தத் துளிகளையும் கலந்து இரு தரப்பாரும் குடிக்க வேண்டும் என்று கட்டாயப்படுத்தினார்கள். ஆண்டுதோறும் துணி, உப்பு, வெடிமருந்து, கருவிகள் தருவதாக டச்சுக்காரர்கள் ஒப்புக்கொண்டார்கள். ஓடி வருபவர்களை ஒப்படைக்கும் பிரிவு அங்கேயும் இருந்தது.

அந்த முள் யாரைக் குத்தியது?

1760ல் ஜமைக்காவில் டாக்கி என்பவர் தலைமையில் பெருங்கலகம் வெடித்தது. அதை அடக்க அரசு மரூன்களை அழைத்தது, வந்தார்கள். டாக்கியைச் சுட்டு வீழ்த்தியது ஸ்காட்ஸ் ஹால் ஊரைச் சேர்ந்த டேவி என்ற மரூன். சுரினாமில் ஒப்பந்தத்துக்கு வெளியே நின்று போராடியவர் போனி. சதுப்பு நிலத்தின் நடுவே அவர் கட்டிய பூக்கு கோட்டையை 1772ல் பிடித்தவர்கள், விடுதலை தருவதாகச் சொல்லி அரசு விலைக்கு வாங்கிப் படையில் சேர்த்த அடிமைகள். 1793ல் போனியைக் கொன்றவர்கள் என்டியூக்கா ஆட்கள்.

இதைத் துரோகம் என்று ஒரு சொல்லில் முடித்துவிடுவதை நான் ஏற்கவில்லை. ஆப்பிரிக்காவின் வெவ்வேறு மூலைகளிலிருந்து வந்து, வெவ்வேறு ஊர்களாகப் பிரிந்து வாழ்ந்தவர்களுக்கு ‘நாம் எல்லோரும் கறுப்பின மக்கள்’ என்ற உணர்வு இயல்பாக இருந்திருக்கும் என்று எதிர்பார்ப்பது பிற்காலப் பார்வை. சரமக்கா மக்கள் பல முறை புதிதாக வந்தவர்களைக் காட்டிக்கொடுக்காமல் மறைத்தும் இருக்கிறார்கள். ஆனால் மரூன்களை மாசில்லாத விடுதலை வீரர்களாக மட்டும் காட்டுவதும் சரியில்லை. ஜமைக்காவில் பரிசுத் தொகைக்காக அடிமைகளைத் துரத்திப் பிடித்த காலம் நீண்டது. 1865ல், அடிமை முறை ஒழிந்து ஒரு தலைமுறை ஆன பிறகும், மொரன்ட் பே கிளர்ச்சியின் தலைவர் பால் போகிளைப் பிடித்துக் கொடுத்தவர்கள் மரூன்கள். போகிளும் நானியும் இன்று ஒரே தேசிய வீரர் வரிசையில் இருக்கிறார்கள். ஜமைக்காவில் மற்றவர்களுக்கும் மரூன்களுக்கும் இடையே இன்னும் ஒரு மனத்தாங்கல் இருப்பதற்கு இதுவே வேர்.

அப்புறம், ஒப்பந்தம் மரூன்களையாவது காத்ததா? 1795ல் டிரெலாவ்னி டவுன் என்ற பெரிய மரூன் ஊரைச் சேர்ந்த இருவருக்கு, பன்றி திருடியதாக மாண்டிகோ பேயில் சவுக்கடி தரப்பட்டது. அடித்தது, முன்பு அவர்களே பிடித்துக் கொடுத்த ஓர் அடிமை. அந்த அவமானத்தில் தொடங்கியது இரண்டாம் மரூன் போர். கியூபாவிலிருந்து சுமார் நூறு வேட்டை நாய்களை ஆளுநர் பால்கரெஸ் வரவழைத்தார். தீவை விட்டு அனுப்ப மாட்டோம் என்று தளபதி வால்போல் வாக்குக் கொடுத்ததை நம்பித்தான் அவர்கள் சரணடைந்தார்கள். சரணடைவதற்கான கெடு தாண்டிவிட்டது என்று சொல்லி அந்த வாக்கை ஆளுநர் ஒதுக்கித் தள்ளினார். 1796ல் ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் கனடாவின் நோவா ஸ்கோஷியாவுக்குக் கப்பலேற்றப்பட்டார்கள். கடுங்குளிரில் சில ஆண்டுகள் இருந்துவிட்டு 1800ல் ஆப்பிரிக்காவின் சியரா லியோன் போனார்கள். வால்போல் மனம் நொந்து, சட்டசபை தந்த பரிசு வாளை மறுத்துவிட்டார். அந்தப் போரில் அக்கம்பாங் ஊர் அரசின் பக்கம் நின்றது. அதனால்தான் இன்று மேற்கில் எஞ்சியிருக்கும் மரூன் ஊர் அது.

இன்று: ஜமைக்காவின் வாதம்

இங்கே மூன்று சொற்களைப் பிரித்துப் பார்க்க வேண்டும். இறையாண்மை என்றால் தனி நாடு. தன்னாட்சி என்றால் ஒரு நாட்டுக்குள் தன் ஊர் விவகாரத்தைத் தானே பார்த்துக்கொள்வது. நிலவுரிமை என்பது இரண்டும் இல்லாமலும் இருக்கக்கூடியது. 1739 ஒப்பந்தம் நிலத்தையும் ஓரளவு தன்னாட்சியையும் தெளிவாகத் தருகிறது. ஆனால் மரண தண்டனை அதிகாரத்தையும் போர் அதிகாரத்தையும் பிரிட்டிஷ் அரசே வைத்துக்கொண்டதால், அதைத் தனி நாட்டுக்கான ஆவணமாக வாசிப்பது கடினம். 1842ல் ஜமைக்கா சட்டசபை மரூன் நிலங்களைத் தனித்தனியாகப் பங்கு போட ஒரு சட்டம் கொண்டுவந்து, அவர்களின் தனி நிலையை முடிக்கப் பார்த்தது. அக்கம்பாங் மக்கள் அதை ஏற்கவில்லை. நிலத்தை இன்றும் பொதுச் சொத்தாகவே வைத்திருக்கிறார்கள்.

சண்டை சூடு பிடிப்பதற்குக் காரணம் பழைய தாள் மட்டும் இல்லை. காக்பிட் பகுதியிலும் அதைச் சுற்றியும் அலுமினியத்தின் மூலப்பொருளான பாக்சைட் கிடக்கிறது. 2017ல் அரசு ஒரு பாதுகாக்கப்பட்ட எல்லையை அறிவித்தது. உண்மையான காக்பிட் பகுதி அதை விடப் பெரியது, வெளியே விட்ட இடங்களைச் சுரங்கத்துக்குத் தரப் பார்க்கிறார்கள் என்று மரூன்களும் சூழலியலாளர்களும் எதிர்த்தார்கள். இறையாண்மை என்ற பெரிய சொல்லுக்குப் பின்னால் நிற்கும் கேள்வி, மலையைத் தோண்ட யார் அனுமதி தருவது என்பதே.

இன்று: சுரினாமின் தீர்ப்புகள்

சுரினாமில் இந்தக் கேள்வி நீதிமன்றம் வரை போயிருக்கிறது. 1960களில் அலுமினிய ஆலைக்கு மின்சாரம் தர அஃபோபாக்கா அணை கட்டப்பட்டது. சரமக்கா நிலத்தில் ஏறக்குறைய பாதி நீருக்குள் போனது. ஆறாயிரம் பேர் வரை ஊரை இழந்தார்கள். 1986ல் ராணுவ ஆட்சிக்கும் மரூன் கிளர்ச்சிப் படைக்கும் உள்நாட்டுப் போர் மூண்டது. அந்த நவம்பரில் மொய்வானா ஊரில் ராணுவம் என்டியூக்கா மக்களில் குறைந்தது 39 பேரைக் கொன்றது. பலர் பெண்களும் குழந்தைகளும்.

1987 டிசம்பர் 31ம் தேதி ஆயுதமில்லாத சரமக்கா ஆட்களை ராணுவம் பிடித்தது. ஏழு பேர் உயிரிழந்தார்கள். இழப்பீட்டு வழக்கு அமெரிக்க நாடுகளுக்கான மனித உரிமை நீதிமன்றத்துக்கு வந்தபோது, 1762 ஒப்பந்தப்படி சரமக்கா மக்களுக்குத் தன்னாட்சி உண்டு என்ற வாதம் வைக்கப்பட்டது. 1993 தீர்ப்பில் நீதிபதிகள் அதை ஏற்கவில்லை. ஒப்பந்தத்தை எடுத்துப் பார்த்தால் அதில் தப்பி வந்தவர்களைப் பிடித்து அடிமைகளாக ஒப்படைக்கும் பிரிவு இருக்கிறது. அடிமைத்தனத்தை அனுமதிக்கும் எந்த உடன்பாடும் சர்வதேசச் சட்டத்தின் முன் செல்லாது என்றார்கள். அதற்கு 231 ஆண்டுகளுக்கு முன் டச்சுக்காரர்கள் திணித்த முள், கடைசியில் சரமக்கா மக்களின் கையிலிருந்த தாளையே கிழித்தது. சட்டப்படி அது சரியாக இருக்கலாம். அந்தப் பிரிவால் பலன் பெற்றவர்கள் அதற்காக எதையும் இழக்கவில்லை என்பது நெஞ்சை உறுத்துகிறது.

சரி, தாள் போனால் உரிமையும் போய்விடுமா? 2007 நவம்பர் 28ம் தேதி அதே நீதிமன்றம் இல்லை என்றது. சீன நிறுவனங்கள் உள்ளிட்டவற்றுக்கு அரசு மரம் வெட்ட அனுமதி தந்ததை எதிர்த்து சரமக்கா ஊர்த்தலைவர் வன்சே எட்வர்ட்ஸும் சட்டம் படித்த ஹியூகோ ஜபினியும் ஊர் ஊராகப் போய் மக்களைத் திரட்டி, காட்டின் வரைபடம் தயாரித்து நடத்திய வழக்கு அது. இவர்களைப் பழங்குடிச் சமூகமாகக் கருத முடியுமா என்று அரசு கேள்வி எழுப்பியது. அந்த மண்ணின் பூர்வகுடிகள் இல்லாவிட்டாலும் அவர்கள் ஒரு பழங்குடிச் சமூகமே என்று நீதிமன்றம் பதில் சொன்னது. தாய்வழிக் குலங்களாக நிலத்தைப் பொதுவில் வைத்து, தங்கள் மரபுச் சட்டப்படி வாழ்ந்து, அந்தக் காட்டோடு பிணைந்திருக்கும் மக்கள் அவர்கள். ஆகவே பழங்குடியினருக்கு உள்ள அதே பாதுகாப்பு உண்டு. பெரிய திட்டம் எதுவானாலும் அவர்கள் மரபுப்படி முன்கூட்டியே கேட்டுச் சம்மதம் பெற வேண்டும், லாபத்தில் பங்கு தர வேண்டும், சூழல் பாதிப்பை முதலில் ஆய்வு செய்ய வேண்டும்.

அந்தத் தீர்ப்பில் 1762 ஒப்பந்தத்துக்கு வேலையே இல்லை. நிலம் அவர்களுடையது என்பதற்கு ஆதாரமாக நின்றது, அங்கே அவர்கள் வாழ்ந்த வாழ்க்கை. ஒப்பந்தத் தாளைப் பிடித்துக்கொண்டிருக்கும் அக்கம்பாங் மக்களுக்கும் இது வலுவான வழி என்று நினைக்கிறேன்; ஆனால் ஜமைக்கா அந்த நீதிமன்றத்தின் கட்டாய அதிகாரத்தை ஏற்காத நாடு என்பதால் அங்கே நேரடியாகப் போக முடியாது. சுரினாமிலும் சரமக்கா நிலத்துக்கு எல்லை வரைந்து, கூட்டுரிமைப் பட்டா தர வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட்டு, அதற்குக் கெடுவும் விதித்தது. அந்தக் கெடு முடிந்து பத்தாண்டுக்கும் மேலாக அதற்கான சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறவில்லை. மரம் வெட்டும் உரிமங்களும் தங்கச் சுரங்கங்களும் சரமக்கா காட்டுக்குள் தொடர்ந்து நுழைந்துகொண்டிருந்தன.